ஆம்பலுக்கு எத்தனை பொருள்

தென்மேற்குக் கச்சான் காற்று உரத்து அடிக்கத் தொடங்கியிருந்த நாட்களில்தான் ஆம்பல்குளத்துக்குத் தண்ணீர் பவுசர் வராமல் விட்டது. முதல் வாரம் ஒருவரும் அதைப் பெரிதாக எடுக்கவில்லை. டயர் வெடித்திருக்கும், சாரதி வீட்டில் கலியாணம் வந்திருக்கும், டீசல் கிடைத்திருக்காது என்று ஆளுக்கொரு சமாதானம் சொல்லிக்கொண்டார்கள். அடுத்த வாரமும் வராமல் போகவே, சந்தியில் வரிசைக்கு வைத்திருந்த வெறும் தண்ணீர்க் கான்கள் காற்றில் உருண்டு போய்ப் பள்ளிவாசல் மதிலடியில் குவிந்தன. அவற்றைப் பொறுக்கி வந்து திரும்பவும் வரிசையில் அடுக்கியவள் மஹ்மூதா.

மஹ்மூதா ஆம்பல்குளம் மாதர் சங்கத்தின் தலைவி. தலைவி என்றால், கூட்டத்துக்குக் கதிரை இரவல் வாங்குவதும், கூட்டம் முடிந்ததும் கதிரைகளைத் திருப்பிக் கொடுப்பதும், இடையில் எல்லாருடைய குறைகளையும் கேட்பதும். தொண்ணூறாம் ஆண்டு முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டு, ஊரோடு மன்னாரை விட்டுப் புறப்பட்டபோது அவள் சின்னப் பிள்ளை. கரைத்தீவுப் பக்கம், கடல்நீர்க் களப்போரத்தில், ஓலைக் கொட்டில்களாகத் தொடங்கிய குடியிருப்பு அது. பிறகு கல்வீடுகள் வந்தன, பள்ளிவாசல் வந்தது, மின்சாரம் வந்தது. நல்ல தண்ணீர் மட்டும் வரவில்லை. கிணறுகள் இருந்தன. அந்தத் தண்ணீரில் தேயிலை போட்டால் எவ்வளவு சீனி கொட்டினாலும் கடைசி மிடறில் கடல் வந்து நிற்கும். அதனால் வாரத்துக்கொரு முறை வரும் பவுசரை நம்பித்தான் ஊர் குடித்தது, சமைத்தது, குழந்தைகளைக் குளிப்பாட்டியது.

மஹ்மூதாவின் வீட்டிலும் ஒரு குழந்தை இருந்தது. மகள் நிஸ்ரின் தலைப்பிரசவத்துக்கு வந்து, பிள்ளை பெற்று, தாய்வீட்டில் இருந்த காலம் அது. கணவன் மௌத்தாகிச் சில வருடங்கள் வெறிச்சென்று கிடந்த வீட்டில் அந்தக் குழந்தையின் அழுகையே பெரிய திருவிழாவாக இருந்தது. கிணற்றுத் தண்ணீரில் இரண்டு தடவை குளிப்பாட்டியதற்கே பிள்ளையின் கழுத்து மடிப்பிலும் தொடையிடுக்கிலும் சிவந்து தடித்துவிட்டது.

பவுசர் சாரதி இனாஸுக்குப் போன் எடுத்தாள்.

"என்ன தம்பி, எங்கள மறந்திட்டீங்களா?"

"நான் எங்க ராத்தா மறந்த? நான் ஒரு கிழமை தவறாம ஓடிக்கொண்டுதானே இருக்கன். புது ஓடர்ல ஓலுவெவ எண்டு போட்டிருக்கு. அங்க போறன்."

"அது எங்க இருக்கு?"

"உள்ளுக்குள்ள, காட்டுப் பக்கம். நல்ல சனம் ராத்தா. போனா இளநி வெட்டித் தருவாங்க. குளம் நிறையத் தண்ணி. குளம் நிறையப் பூ. நான் கொண்டு போற தண்ணிய என்ன செய்யிறதெண்டு தெரியாம எருமையக் குளிப்பாட்டுறாங்க."

நடந்தது இதுதான். தண்ணீர் விநியோகக் கந்தோரில் ஊர்ப் பெயர்களை எல்லாம் சிங்களத்தில் புதிதாகப் பதிந்தார்கள். ஆம்பல்குளம் என்ற பெயரைப் பதிந்தவர் அதன் ஒலியை எழுதாமல் பொருளை எழுதிவிட்டார். ஆம்பலுக்கு ஓலு, குளத்துக்கு வெவ. மொழிபெயர்ப்பில் ஒரு பிழையும் இல்லை. ஊர்தான் மாறிப்போயிற்று.

மஹ்மூதா கந்தோருக்குப் போனாள். கூட வந்தவள் பக்கத்து வீட்டு ஸாஜிதா. உப்பளத்தில் மஹ்மூதாவோடு வேலை செய்பவள், நாக்கு கொஞ்சம் நீளம். அங்கிருந்த உத்தியோகத்தர் கணினியைப் பார்த்துவிட்டு முகம் மலர்ந்தார்.

"உங்கட ஊருக்கு ஒழுங்காத் தண்ணி போகுதே. நன்றி சொல்லிக் கடிதம்கூட அனுப்பியிருக்கீங்க."

"அது நாங்க இல்ல சேர். அது ஓலுவெவச் சனம்."

"ரெண்டும் ஒண்டுதானே?"

"பேருதான் ஒண்டு. தொண்டை வேற," என்றாள் ஸாஜிதா.

உத்தியோகத்தர் நல்ல மனிதர். தன்னால் தண்ணீர் அனுப்பத்தான் முடியும், பெயரில் கைவைக்க முடியாது, அதற்கென்று தனியாக ஒரு சபை இருக்கிறது என்று வழி சொல்லி அனுப்பினார்.

இடப்பெயர் ஒழுங்கமைப்புச் சபை, புத்தளம் நகரத்தில் ஒரு புடவைக்கடையின் மேல்மாடியில் இருந்தது. கண்டுபிடிப்பது சிரமம். சபையின் பெயர்ப்பலகை இன்னும் மாட்டப்படாமல் படிக்கட்டில் முகத்தைச் சுவருக்குத் திருப்பிச் சாய்ந்திருந்தது. சபையின் பெயரைப் பற்றியே உள்ளே இன்னும் இணக்கம் வரவில்லை என்று வாசலில் இருந்த எழுதுவினைஞர் றஸீன் மெதுவாகச் சொன்னான்.

பணிப்பாளர் பதியுதீன் அந்த வெக்கையிலும் கழுத்துப்பட்டி கட்டியிருந்தார். தேநீர் கேட்பதற்கும் மேடையில் பேசுவதுபோலப் பேசுபவர். மஹ்மூதா சொன்னதைக் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார்.

"சகோதரி, ஒரு சிறு பிழை என்கிறீர்கள். பெயரில் சிறு பிழை என்று ஒன்று கிடையாது. முதலில் சொல்லுங்கள், ஆம்பல் என்றால் என்ன?"

"குளத்துப் பூ சேர்."

"எந்தக் குளத்துப் பூ? அல்லியா? குமுதமா? வெள்ளாம்பலா, செவ்வாம்பலா?"

"வெள்ளைதான் சேர். மாரி காலத்துல முந்தி கொஞ்சம் பூத்துக் கிடந்தது. அதைப் பார்த்து ஆரோ வெச்ச பேர்." அவள் தயங்கினாள். "தமிழ்ல எப்பிடியோ அப்பிடியே சிங்களத்திலயும் எழுதினாக் காணும் சேர். ஒரு வரிதான். பவுசர் வந்திடும்."

"எழுதலாம். ஆனால் எதை எழுதுகிறோம் என்று சபை அறிந்திருக்க வேண்டாமா?" பணிப்பாளர் எழுந்து அலுமாரியைத் திறந்து, இரண்டு கைகளாலும் ஓர் அகராதியைத் தூக்கி வந்தார். "இந்தச் சபை தொடங்கிய நாளிலிருந்து ஒரு ஊருக்காவது பெயரைத் தீர்த்து வைத்திருக்கிறதா என்று வெளியில் கேட்கிறார்களாம். இல்லை. அவசரப்பட்டு ஒரு பெயரைக்கூட நாங்கள் தீர்த்து வைத்ததில்லை. அதுதான் எங்கள் பெருமை."

திரும்பி வரும் பஸ்ஸில் ஸாஜிதாவும் கூட இருந்தாள். நகரம் தாண்டியதும் கேட்டாள்: "அந்த மனிசன் தண்ணி குடிக்கிறவரா, இல்லாட்டி அதுக்கும் பொருள் பார்ப்பாரா?"

அடுத்த வாரம் சபையிலிருந்து பள்ளிவாசலுக்கு ஓர் அறிவித்தல் வந்தது. ஆம்பல் என்ற சொல்லுக்கு அல்லி மட்டும் பொருளல்ல என்றும், மூங்கில், ஊதுகுழல், யானை, புளிப்பு, ஒரு பேரெண் ஆகியனவும் பொருள்களென்றும், அவற்றோடு கள் என்றொரு பொருளும் உண்டென்றும், ஊரவர் எந்தப் பொருளில் அப்பெயரைச் சூட்டினர் என்பதைத் தெரியப்படுத்தும்படியும் அதில் கேட்கப்பட்டிருந்தது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் அதை வாசித்தார்கள். யானை வரைக்கும் அமைதியாகக் கேட்டுக்கொண்டிருந்த சனம் கள் வந்ததும் எழும்பிவிட்டது.

"இத்தனை வருஷமாக் கள்ளுக்குளத்திலயா நாங்க நோன்பு பிடிச்ச?" என்று பள்ளிவாசல் நிர்வாகத் தலைவர் றஊப் ஹாஜியார் நெஞ்சில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார்.

பெயரை உடனே மாற்ற வேண்டும் என்றது ஒரு கூட்டம். மாற்றினால் இருக்கிற காணி உறுதி, அடையாள அட்டை, பிறப்புச் சாட்சிப் பத்திரம் எல்லாவற்றுக்கும் என்ன செய்வது என்றது இன்னொரு கூட்டம். யானை என்ற பொருளை எடுத்துக்கொண்டால் கௌரவமாக இருக்கும் என்று ஒருவர் யோசனை சொன்னார். இந்தக் களப்போரத்தில் யானையைக் கண்டவர் யார் என்று கேட்டதும் அவர் உட்கார்ந்துகொண்டார். பேரெண் நல்லது, அதில் பெருக்கம் இருக்கிறது, பரக்கத் இருக்கிறது என்றார் மற்றொருவர். பள்ளிவாசல் மதிலுக்கு வெளியே நின்ற பெண்கள் பக்கமிருந்து ஸாஜிதாவின் குரல் வந்தது.

"கள்ளோ மோரோ, முதல்ல பவுசர் வரட்டும் ஹாஜியார்!"

ஹாஜியார் அதைக் கேட்காத மாதிரி இருந்துகொண்டார்.

கடைசியில், தாங்கள் பூ என்ற பொருளைத் தவிர வேறெந்தப் பொருளையும் அறியவில்லை என்று ஊர் சேர்ந்து தெரிவித்தது. சபைக்கு அது போதவில்லை. அறியவில்லை என்பது வேறு, பயன்படுத்தவில்லை என்பது வேறு என்றார் பணிப்பாளர். ஆகவே வீட்டுக்கொருவராகச் சமாதான நீதவான் ஒருவரின் முன்னால் போய் நின்று, ஆம்பல் என்ற சொல்லைத் தாம் அல்லி என்ற பொருளில் மட்டுமே பயன்படுத்தி வந்ததாகவும், கள், மூங்கில், யானை முதலிய பொருள்களில் எக்காலத்திலும் பயன்படுத்தப்போவதில்லை எனவும் சத்தியம் செய்தார்கள். சமாதான நீதவான் முதல் இரண்டு பேரிடம் ஏன் என்று கேட்டார். பிறகு கேட்பதை விட்டுவிட்டார்.

இதற்கிடையில் மஹ்மூதா தினமும் விடியப்புறம் எழும்பி, பஸ் ஏறி, பிரதான வீதியில் உள்ள ஒரு பள்ளிக்கூடத்துக் குழாயில் இரண்டு கான் நிரப்பி, கண்டக்டரின் ஏச்சையும் வாங்கிக்கொண்டு திரும்பி வந்தாள். ஒரு கான் குடிக்க. மற்றது பிள்ளைக்கு. பிறகுதான் உப்பளத்துக்குப் போவாள். பின்னேரமானால் கழுத்தைத் திருப்ப ஏலாது. நிஸ்ரின் எண்ணெய் தடவிவிடுவாள். ஒருநாள் தடவிக்கொண்டிருந்தவள் அப்படியே தாயின் முதுகில் முகத்தை வைத்துக்கொண்டாள். முதுகு நனைந்தது தெரிந்தது.

ஊர் சத்தியம் செய்து முடித்ததும் சபை கள ஆய்வுக்கு வந்தது. ஜீப்பிலிருந்து பணிப்பாளர் இறங்கினார், றஸீன் இறங்கினான், நீர்த்தாவர ஆலோசகர் என்று சொல்லப்பட்ட ஸஃப்னா என்ற இளம்பெண் இறங்கினாள். ஊரே குளக்கரையில் நின்றது. குளம் என்றால், அந்தக் கோடையில் அது வெடித்துக் கிடந்த ஒரு சேற்றுப் பாத்தி. நடுவில் ஆடுகள் நின்றன. ஓரத்தில் உவர்மண்ணில் உமரிச் செடி சிவந்து படர்ந்திருந்தது. ஸஃப்னா குனிந்து அதைக் கிள்ளிப் பார்த்தாள்.

"சேர், இதுல ஆம்பல் ஒண்டும் இல்ல. உமரிதான் இருக்கு. தண்ணியும் இல்ல."

"தண்ணீர் நமது விடயப்பரப்பு அல்ல," என்றார் பணிப்பாளர். பிறகு சனத்தின் பக்கம் திரும்பினார். "சகோதர சகோதரிகளே! நீர் இன்று இல்லை. நாளை வரலாம், வராமலும் போகலாம். நீர் நிலையற்றது. பெயர் நிலையானது. ஆகவேதான் நாம் பெயருக்கு முதலிடம் கொடுக்கிறோம்."

வந்தவர்களை வெறுங்கையோடு அனுப்ப மனமில்லாமல் மஹ்மூதா வெறுந்தேநீராகப் பிளேன்டி ஊற்றிக் கொடுத்தாள். அன்றைக்குக் கானில் இருந்தது பிள்ளைக்கு மட்டும் காணும் என்பதால் கிணற்றுத் தண்ணீரில்தான் ஊற்றினாள். பணிப்பாளர் ஒரு மிடறு குடித்தார். முகம் ஒரு பக்கமாகக் கோணியது.

"இதில் ஏதோ..."

"உப்பு சேர். எங்கட தண்ணி இதுதான். இதைத்தான் நான் சொல்ல வந்த."

பணிப்பாளர் கோப்பையைக் கீழே வைத்தார். அவர் கண்களில் ஓர் ஒளி தெரிந்தது. மஹ்மூதா ஒரு நிமிடம் நம்பிவிட்டாள்.

"ஆம்பலுக்குப் புளிப்பு என்ற பொருள் உண்டு. உவர்ப்பு என்ற பொருள் இல்லை," என்றார் அவர், றஸீனைப் பார்த்து. "இந்த இடத்துக்கும் அந்தப் பெயருக்கும் சுவையிலும் தொடர்பு இல்லை. குறித்துக்கொள்."

ஜீப்பில் ஏறுவதற்கு முன் மூவரும் போத்தல் தண்ணீரில் வாய் கொப்பளித்தார்கள். ஸாஜிதா அந்தத் தண்ணீர் மண்ணில் விழுந்த இடத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

ஆய்வின் முடிவு விரைவாகவே வந்தது. ஆம்பல் இல்லாத இடத்தில் ஆம்பல்குளம் என்பது வெறும் ஒலி. ஆகவே அந்தப் பெயர் இடைநிறுத்தப்படுகிறது. மறு அறிவித்தல் வரும்வரை ஊர், பெயர் விசாரணையிலுள்ள களப்போரக் குடியிருப்பு என்று வழங்கப்படும். தபால்காரர் அன்றோடு வருவதை நிறுத்திவிட்டார். ஓலுவெவவுக்கு மட்டும் பவுசர் தவறாமல் போய்க்கொண்டிருந்தது.

அந்த வாரத்தில்தான் ஆலங்குடாவிலிருந்து நிஸ்ரினின் மாமியார் மரியம் வந்தார். தொதல் இனிப்பும் பழமும் கொண்டுவந்தார். பிள்ளையை மடியில் வாங்கி, சட்டையைத் தூக்கிப் பார்த்தார். கான் தண்ணீர் போதாத நாட்களில் கிணற்றுத் தண்ணீரில் குளித்து முதுகெல்லாம் பொரிந்து கிடந்தது. அவர் ஏசவில்லை. ஏசியிருந்தால் மஹ்மூதா பதிலுக்கு இரண்டு சொல்லி ஆறியிருப்பாள்.

"மஹ்மூதா, குறையா நினைக்காதீங்க. நாப்பது நாள் முடியட்டும் எண்டுதான் நானும் இருந்தன். எங்கட வளவுக் கிணத்துத் தண்ணி நல்லம். புள்ளையக் கொண்டு போறன். மருமகளும் வரட்டும்."

"தண்ணி வந்திடும் மரியம் ராத்தா. பேர்தான் கொஞ்சம் சுணங்குது."

"எந்தப் பேர்?"

மஹ்மூதா விளங்கப்படுத்தத் தொடங்கினாள். பூ, யானை, சத்தியம், உமரி என்று சொல்லிக்கொண்டே போனவள், மரியத்தின் முகத்தைப் பார்த்துப் பாதியில் நிறுத்திவிட்டாள். தன் வாயிலிருந்து வருவது தனக்கே பைத்தியக் கதையாகக் கேட்டது.

"கூட்டிக்கொண்டு போங்க," என்றாள்.

ஓட்டோ சந்தி திரும்பும்வரை நிஸ்ரின் வெளியே தலையை நீட்டிப் பார்த்துக்கொண்டு போனாள். மஹ்மூதா உள்ளே வந்து, பிள்ளைக்கென்று வைத்திருந்த கானைப் பார்த்தாள். அரைவாசி இருந்தது. அதைக் குடிக்கவும் மனம் வரவில்லை, ஊற்றவும் மனம் வரவில்லை. மூடியை இறுக்கி மூலையில் வைத்தாள்.

சபை சும்மா இருக்கவில்லை. பெயருக்கேற்ற பொருள் இல்லாவிட்டால் பொருளைக் கொண்டுவருவது என்று கூடித் தீர்மானித்தது. திட்டத்துக்கு ஆம்பல் மீள்குடியேற்றம் என்று பெயர் வைத்தார்கள். மீள்குடியேற்றம் என்ற சொல்லை முப்பது வருடத்துக்கும் மேலாகக் கேட்டு வந்த ஊர் அது. அறிவித்தலை ஒலிபெருக்கியில் கேட்ட கிழவர் ஒருவர், கடைசியில் மன்னாருக்குப் போகப் போகிறோமாக்கும் என்று நினைத்துச் சட்டையைப் போட்டுக்கொண்டு சந்திக்கு வந்துவிட்டார். பூவுக்கு என்று சொன்னார்கள். அவர் சட்டையைக் கழற்றித் தோளில் போட்டுக்கொண்டு திரும்பிப் போனார்.

ஆம்பல்களை எங்கே எடுப்பது என்று தேடிய சபைக்கு ஓலுவெவ கைகொடுத்தது. அந்தச் சனம் மறுபேச்சில்லாமல் வேரும் சேறுமாகக் கிண்டிக் கொடுத்தது. போதாததற்கு இளநீரும் கொடுத்தது. சேற்றோடு வந்த கிழங்குகளை வெடித்துக் கிடந்த குளத்தில் குழி தோண்டி நட்டார்கள். அப்போதுதான் ஸஃப்னா பணிப்பாளரிடம் ஒரு சங்கடமான செய்தியைச் சொன்னாள். ஆம்பல் உவர்த் தண்ணீரில் உயிரோடு இராது. நல்ல தண்ணீர் வேண்டும்.

பணிப்பாளர் திகைத்துப்போனார். "இதை ஏன் ஒருவரும் முன்பே சொல்லவில்லை? உவர்த் தண்ணீரில் ஓர் உயிரை விட்டுவைப்பதா?"

அன்றைக்கே மேலிடத்துக்குப் பேசினார். தாவரம் என்றதும் மேலிடம் இளகிவிட்டது. ஒரு ஆம்பலுக்கு நாளொன்றுக்கு இவ்வளவு என்று நல்ல தண்ணீர் ஒதுக்கினார்கள். முன்பு ஒரு ஆளுக்கு ஒதுக்கியதைவிட அது கூட.

திறப்பு விழாவுக்குப் பந்தல் போட்டார்கள். றபான் மேளம் அடிக்க ஆள் பிடித்தார்கள். காலையில் என்று சொன்ன விழா, பிரதம விருந்தினர் வரச் சுணங்கியதால் உச்சி வெயிலுக்குப் போய்விட்டது. ஓலுவெவவில் மொட்டாகக் கிண்டி வந்து இரவில் விரிந்திருந்த ஐந்தாறு பூக்களும் வெயில் ஏறியதும் கூம்பிவிட்டன. விழா முடியும்வரையாவது விரிந்திருக்க ஏதும் செய்ய முடியாதா என்று பணிப்பாளர் ஸஃப்னாவிடம் கேட்டார். அவை சபைக்குக் கட்டுப்பட்டவை அல்ல என்றாள் அவள், தலையைக் குனிந்துகொண்டு.

பிரதம விருந்தினர் வந்தார். கெமராக்கள் வந்தன. எல்லாவற்றுக்கும் பின்னால், தூசியைக் கிளப்பிக்கொண்டு, பவுசர் வந்தது. இனாஸ்தான் ஓட்டி வந்தான். பந்தலடியில் நின்ற பெண்களைக் கண்டதும் அவன் கண்ணைத் தாழ்த்திக்கொண்டான்.

பணிப்பாளர் ஒலிவாங்கியைப் பிடித்தார்.

"இடம்பெயர்ந்தவர்களின் வலி எனக்குத் தெரியும். இதோ இந்த ஆம்பல்களைப் பாருங்கள்! பிறந்த குளத்தை விட்டு, உற்றாரை விட்டு, முன்பின் அறியாத இந்த உவர்மண்ணுக்கு வந்திருக்கின்றன. இவை தாகத்தால் வாடுவதைப் பார்த்துக்கொண்டு ஒரு நாகரிகமான சமூகம் சும்மா இருக்குமா? இராது! இவற்றுக்கு ஒரு சொட்டு நீர் குறையவும் இந்தச் சபை விடாது!"

கைதட்டினார்கள். பழக்கத்தில் ஊரும் தட்டியது. இனாஸ் குழாயைத் திறந்தான்.

தண்ணீர் பாய்ந்தது. வெள்ளைவெளேரென்று, தடித்த கயிறுபோல, வெடித்த சேற்றில் போய் விழுந்தது. விழுந்ததும் காணாமல் போயிற்று. வெடிப்புகள் அதை ஒரு சத்தமும் இல்லாமல் குடித்தன. மஹ்மூதா பார்த்துக்கொண்டு நின்றாள். அவளுக்குக் கோபம் வரவில்லை. கோபப்படுவதற்கும் ஒரு தெம்பு வேண்டும். அவள் பாட்டுக்கு வீட்டுக்கு நடந்தாள். சேலை முந்தானையை இழுத்துத் தலையை மூடிக்கொண்டு இரண்டு கான்களோடு திரும்பி வந்தாள். பந்தலைத் தாண்டி, ஒலிவாங்கியைத் தாண்டி, கெமராக்காரரைக் கொஞ்சம் விலகச் சொல்லி, சேற்றில் இறங்கி, குழாய் வாயில் கானைப் பிடித்தாள்.

றபான் சத்தம் நின்றது.

"சகோதரி!" பணிப்பாளரின் குரல் ஒலிபெருக்கியில் பிளந்தது. "அது ஆம்பலுக்கு ஒதுக்கிய நீர்!"

"ஓம் சேர்," என்றாள் மஹ்மூதா, நிமிராமல். கான் நிறையும் சத்தத்தையே கேட்டுக்கொண்டிருந்தாள். "இது நிறைஞ்சதும் மற்றதையும் பிடிச்சிட்டுப் போறன்."

அதற்குள் ஸாஜிதா பீப்பாய்ப் பரலை உருட்டிக்கொண்டு வந்துவிட்டாள். அவளுக்குப் பின்னால் வாளி, குடம், சருவம், அண்டா. பெண்கள் அத்தனை பேரும் செருப்பைக் கழற்றிக் கரையில் வைத்துவிட்டு இறங்கினார்கள். இனாஸ் யாரையும் கேட்காமல் குழாயைக் குளத்திலிருந்து எடுத்து அவர்கள் பக்கம் திருப்பினான். ஒருவரும் கூச்சல் போடவில்லை, முண்டியடிக்கவில்லை. பல வருடம் வரிசையில் நின்று பழகிய சனம், சேற்றுக்குள்ளும் வரிசையாகவே நின்றது. றஊப் ஹாஜியார் பந்தலின் முன்வரிசையிலிருந்து எழும்பி, தொழுகைக்கு முன் வுளு செய்யும் தன் கேத்தலைத் தேடிப் பள்ளிவாசலுக்குப் போனார்.

பிரதம விருந்தினர் குனிந்து பணிப்பாளரின் காதில் ஏதோ கேட்டார். கெமராக்கள் குளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தன. பணிப்பாளருக்கு வியர்த்துக் கொட்டியது. ஆனால் அவர் பேசப் பிறந்தவர்.

"பாருங்கள்!" என்றார் கம்மிய குரலில். "இந்த ஊர்ப் பெண்களைப் பாருங்கள்! ஆம்பலின் மீது இவர்களுக்குள்ள பற்றைப் பாருங்கள்! நாளைக்கும் மறுநாளைக்கும் ஊற்றுவதற்காகத் தங்கள் பாத்திரங்களிலேயே நீரைச் சேமித்து வைக்கிறார்கள்! இவர்களையே ஆம்பல் பராமரிப்புக் குழுவாக நான் இப்போதே நியமிக்கிறேன்!"

பிரதம விருந்தினர் கைதட்டினார். அன்று மாலைச் செய்தியில் அது வந்தது.

ஆம்பல்கள் அந்த மாதத்தைத் தாண்டவில்லை. சிலவற்றை வெயில் தின்றது, மீதியை ஆடு தின்றது. மாரியில் பார்ப்போம் என்று ஸஃப்னா போனில் சொன்னாள். அவளுக்கும் அலுத்துப்போயிருந்தது. பணிப்பாளர் பதியுதீன் பதவியுயர்வு பெற்றுக் கொழும்புக்குப் போய்விட்டார். ஊரின் பெயர் இன்னும் விசாரணையில்தான் இருக்கிறது. ஆனால் ஆம்பல்களுக்கு ஒதுக்கிய தண்ணீரை நிறுத்தச் சொல்லி ஒருவரும் எழுதவில்லை. எழுத வேண்டுமென்றால் ஆம்பல்கள் செத்துவிட்டன என்று சபை ஒத்துக்கொள்ள வேண்டும். அதற்குச் சபை கூட வேண்டும்.

ஆகவே பவுசர் வாராவாரம் வந்தது. மாதத்துக்கொரு முறை றஸீன் மஹ்மூதாவுக்குப் போன் எடுத்து, இப்போது எத்தனை ஆம்பல் உயிரோடு இருக்கிறது என்று கேட்பான். அந்தக் கணக்குக்குத்தான் தண்ணீர். மஹ்மூதா ஊரில் எத்தனை பேர் இருக்கிறார்களோ அத்தனையைச் சொல்வாள். முதல் தடவை சொல்லும்போது நாக்குத் தடுமாறியது. பிறகு பழகிவிட்டது. மீள்குடியேற்றத்துக்குச் சட்டை போட்டுக்கொண்டு வந்த அந்தக் கிழவர் மௌத்தான மாதம், ஒன்றைக் குறைத்துச் சொன்னாள். இல்லாத ஒன்றுக்குத் தண்ணீர் வாங்குவது சரியில்லை என்று அவளுக்குப் பட்டது.

மாரி தொடங்குவதற்கு முன்பாக நிஸ்ரின் ஆலங்குடாவிலிருந்து போன் எடுத்தாள்.

"உம்மா, அங்க தண்ணி வருதாமே. பேர் சரியாயிட்டா?"

"இல்ல மகள். பேர் அப்பிடியேதான் கிடக்கு. தண்ணி பூவுக்கு வருது."

"எந்தப் பூவுக்கு?"

"நீ வா. வந்தாச் சொல்றன். சொன்னாலும் விளங்காது."

"அப்ப நாங்க வந்து கொஞ்ச நாள் நிக்கட்டா? புள்ளைக்கு இப்ப நல்லம். தவழுறான் உம்மா."

வந்து நிற்கும்படி சொல்லிவிட்டு, மஹ்மூதா அன்றைக்கே தொட்டில் கயிற்றை எடுத்து வெயிலில் போட்டாள். புது வாளி ஒன்று வாங்கினாள்.

அடுத்த வாரம் றஸீன் வழக்கம்போலப் போன் எடுத்தான். அவனுக்கு எல்லாம் தெரியும் என்பது மஹ்மூதாவுக்குத் தெரியும். இருவரும் அதைப் பற்றி ஒருநாளும் கதைத்ததில்லை.

"ராத்தா, ஆம்பல் எப்பிடி? கூடியிருக்கா, குறைஞ்சிருக்கா?"

"ரெண்டு கூடியிருக்கு தம்பி," என்றாள் மஹ்மூதா. உள்ளே புது வாளியில் தண்ணீரை அடித்து அடித்து ஒரு மழலைக் குரல் கீச்சிட்டுக்கொண்டிருந்தது. போனின் வாயைக் கையால் பொத்தலாமா என்று யோசித்து, வேண்டாமென்று விட்டுவிட்டாள். "ஒண்டு சின்னது."

றஸீன் பக்கம் மின்விசிறி சுற்றுவது கேட்டது.

"மொட்டு எண்டு போடட்டா?"

"ஓம் தம்பி. மொட்டு எண்டு போடுங்க. அதுக்குக் கொஞ்சம் கூடத் தண்ணி வேணும்."